கணக்கில் வராத அறுபது

வேலை என்று கேட்டால் பைடே நகரத்துப் பால் ஆலையில்,
கொழுப்பு அளக்கும் அறையில்.
மற்றபடி முப்பத்துநான்கு வருடமாக
ஒற்றைக் கையை நீட்டிக்கொண்டு நிற்கிறேன்.
அவ்வளவுதான் நான் செய்தது.
கேட்பவர்களோ துப்பாக்கியைப் பற்றியே கேட்கிறார்கள்.

துப்பாக்கி பெரிதில்லை.
போட்டிக்கு முன் அதன் விசையில்
அரைக் கிலோ எடையைத் தொங்கவிட்டுத் தூக்குவார்கள்,
தாங்கினால் உள்ளே விடுவார்கள்.
அரை கிராம் ஈயம். பத்து மீட்டர்.
கோட்டுப் பொத்தான் அகலத்துக்கு ஒரு பத்து.
அதைப் பார்க்கக் கூடாது என்பதுதான் முதல் விதி.
முன்முனை முள்ளைப் பார்,
இலக்கு மங்கலாகவே கிடக்கட்டும்.

பள்ளியின் நிலவறையில் தொடங்கியது,
கொதிகலனுக்குப் பக்கத்துச் சுவரில்.
கூடைப்பந்துக்கு நான் குள்ளம், வேறு காரணம் இல்லை.
இரண்டு வருடத்தில் வெளியே கொடி மாறியது.
துப்பாக்கி மாறவில்லை,
அதன் பிடியில் வேறு யாருடைய விரல்களோ
வழுவழுப்பாக்கி வைத்த பள்ளங்களும்.

அசையாமல் நின்றால்தான் தெரியும்
உடம்பு சும்மா இருப்பதே இல்லையென்று.
காதோரம், கட்டைவிரலின் அடியில்,
உள்ளிருந்து யாரோ கதவைத் தட்டுவார்கள்.
ஒரு தட்டுக்கும் மறு தட்டுக்கும் நடுவே
கொஞ்சம் வெற்றிடம்.
விசை நழுவ வேண்டியது அங்கே.
இழுக்கக் கூடாது. நழுவும்.

சாக்ரெப்பில் கடைசிக் குண்டு எட்டு.
பக்கத்துத் தடத்து பல்கேரியக்காரி ரூமியானா
ஒன்றும் சொல்லாமல் பாதி ஆப்பிளைத் தந்தாள்;
நானும் ஒன்றும் சொல்லாமல் தின்றேன்.
மூனிக்கில் ஒரே ஒரு புள்ளி.
அந்தப் புள்ளியில் ஓர் ஒலிம்பிக் போயிற்று.
ஆலையில் விடுப்பு ஏற்கெனவே எழுதியாகிவிட்டது,
அந்த மூன்று வாரத்தில்
நானும் ஐவோவும் குளியலறைக்கு ஓடு பதித்தோம்.
மூலையில் ஒன்று இன்னும் கோணல்.

போன மார்ச்சில், பால் மாதிரிகளின் நடுவே,
தட்டல் தாளம் தப்பியது.
மூன்று சேர்ந்து வந்தது, பிறகு ஒன்றுமில்லை,
பிறகு படிக்கட்டில் எதையோ உருட்டிவிட்டது போல.
நான் காலமெல்லாம் பார்த்தது குறி,
டாக்டர் கைரித் பார்த்தது நோய்க்குறி.
சின்ன வெள்ளை மாத்திரை, காலையில் ஒன்று.
இதயம் நிதானமாகும் என்றார்.
கைகூட நடுங்காது என்றார், நல்ல செய்தி சொல்லும் முகத்தோடு.

என் விளையாட்டில் அதன் பெயர் மோசடி.
பட்டியலில் அச்சடித்தே இருக்கிறது.
சங்கத்துக்கு எழுதினேன், மார்பில் ஒட்டிய கம்பிகள்
வரைந்த கோடுகளையும் சேர்த்து.
ஆறு வாரத்தில் மரியாதையான பதில்:
நோயைச் சந்தேகிக்கவில்லை,
அனுமதிக்க வழியில்லை.
உயிரோடு இருப்பதும் குறுக்கு வழியாம்.
கோபமாக இரண்டு முறை படித்தேன்.
மூன்றாம் முறை, அவர்கள் சொல்வது சரியென்று பட்டது,
அதுதான் பொறுக்கவில்லை.

அரங்கத்தின் சாவி இன்னும் என்னிடம்தான்.
ஒரு செவ்வாய் இரவு போனேன்.
விளக்கு ஒரு தடத்துக்கு மட்டும்.
அறுபது குண்டுகள்.
திரையில் ஐநூற்று எண்பத்தொன்று.
அறுபதில் என் வாழ்நாள் உச்சம் ஐநூற்று எழுபத்தேழு,
அதற்குச் சாட்சியாக நடுவர் இருவர், ஒரு கையொப்பம்.
இதற்கு ஹீட்டர் மட்டும் இருமியது.

பெருமை என்று சொல்லிக்கொள்ளலாம்.
ஆனால் ஒவ்வொரு முறையும் கையைத் தூக்கி
தட்டலுக்காகக் காத்தேன்.
அது எங்கோ தூரத்தில்,
பக்கத்து வீட்டுக் கதவில் கேட்டது.
நடுவே இருந்த வெற்றிடம் அகன்று அகன்று
மைதானம் போலாகிவிட்டது;
எங்கே சுட்டாலும் சரியாக இருந்தது.
சுட்டது யார் என்றுதான் தெரியவில்லை.

அழி என்ற பொத்தானை அழுத்தினேன்.
நிச்சயமாகவா என்று கேட்டது இயந்திரம்.
இன்னொரு முறை அழுத்தினேன்.

வெளியே மைனஸ் பதினொன்று.
ஐவோ எஞ்சினை அணைக்காமல் காத்திருந்தான்.
எவ்வளவு வந்தது என்றான்.
ஐநூற்று அறுபது இருக்கும் என்றேன்.
மோசமில்லை என்று கியரை மாற்றினான்.